மரியாவையும் சேர்த்துக் காப்பாற்றுங்கள்

லண்டனில் எஸ்.எஸ். ராபின் கப்பலைப் பராமரித்துவரும் அறக்கட்டளை நிர்வாகிகளுக்கும், பிரிட்டனின் வரலாற்றுக் கப்பல்களுக்குப் பொறுப்பான அதிகாரிகளுக்கும்,

வணக்கம்.

ஈஸ்ட் ஹாமில் குடியிருக்கும் தமிழன் எழுதுகிறேன். கப்பல் என்ஜின் ரூமில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். 2011-க்குப் பிறகு உங்கள் கப்பல் ராயல் டாக்ஸ் பக்கம் வந்து நின்றதே, அந்த நியூஹாம் வட்டாரத்தில் எங்கள் ஆட்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். தண்ணீர் ஓரமாக நடக்கப் போகும்போது, சிவந்த அடிப்பாகத்தோடு ஒரு பழைய இரும்புக் கப்பல் நிற்பதைப் பார்த்துவிட்டு, அது என்ன, யாருடையது என்று தெரியாமலே வீட்டுக்குத் திரும்பியவர்கள்தான் அதிகம். அவர்களும் படிக்கட்டும் என்றுதான் தமிழில் எழுதுகிறேன். ஆங்கிலப் பிரதி தனியாக உங்களுக்கு வந்து சேரும்.

கேட்க வந்தது ஒன்றுதான். அந்தக் கப்பல் ராபின் என்ற பெயரில் உழைத்தது 10 வருடம். மரியா என்ற பெயரில், ஸ்பெயினின் வடகரையில் உழைத்தது 74 வருடம். நீங்கள் காப்பாற்றி வைத்திருப்பது ராபினை மட்டுமல்ல, மரியாவையும்தான் என்பதை எல்லோரும் பார்க்கிற மாதிரி எழுதி வையுங்கள். இன்னும் தாமதிக்காமல், மரியாவில் வேலை பார்த்தவர்களைத் தேடிப் போங்கள்.

ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்பதற்குக் கப்பலின் கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். உங்களுக்குத் தெரிந்த கதைதான். எங்கள் ஆட்களுக்குத் தெரியாது.

தேம்ஸ் நதியில் போ கிரீக் வந்து சேரும் இடத்தில், ஆர்ச்சர்ட் ஹவுஸ் கப்பல்தளத்தில் 1890-இல் கட்டிய கப்பல் இது. கூடவே ரூக் என்று இன்னொன்றும் கட்டினார்கள். இரண்டுக்கும் பறவைப் பெயர். பக்கத்திலேயே தேம்ஸ் அயர்ன்வொர்க்ஸ் என்ற பெரிய ஆலை போர்க்கப்பல்களைக் கட்டிக்கொண்டிருந்தது. 1898-இல் அங்கே ஆல்பியன் என்ற போர்க்கப்பலைத் தண்ணீரில் இறக்கியபோது எழுந்த அலை, வேடிக்கை பார்க்க வந்தவர்கள் நின்றிருந்த மேடையை அடித்துக்கொண்டு போனதில் முப்பதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். அந்த ஆலைத் தொழிலாளர்களின் பந்தாட்டக் குழுதான் இன்றைய வெஸ்ட் ஹாம் யுனைடெட். எங்கள் பிள்ளைகள் அந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டு திரிகிறார்கள். அந்தக் குழு பிறந்த கரைக்குப் பக்கத்தில்தான் இந்தக் கப்பலும் பிறந்தது என்று சொல்ல ஆளில்லை.

ராபின் பெரிய கப்பலே இல்லை. நீளம் 143 அடி. கடல் தாண்டிப் போய்ப் பேர் வாங்கக் கட்டியதும் இல்லை. கரையோரமாகவே ஒரு துறைமுகத்திலிருந்து அடுத்ததற்குச் சரக்கு ஏற்றிப் போவதுதான் அதன் தொழில். இந்த மாதிரிக் கப்பல்கள் பிரிட்டனின் கரையோரத்தில் அந்தக் காலத்தில் நூற்றுக்கணக்கில் ஓடின. லாரிகள் வருவதற்கு முன்னால் நாட்டின் கனமான சுமையை ரயிலும் இவையும்தான் பங்கு போட்டுக்கொண்டன. அத்தனையும் காயலான் கடைக்குப் போய்விட்டன. முழுசாக மிஞ்சியவற்றில் உலகத்திலேயே பழையது இது ஒன்றுதான் என்கிறீர்கள். சரிதான். அப்படி மிஞ்சியது எப்படி என்பதுதான் என் கேள்வி.

அதற்கு முன்னால் என்ஜின். அதைப் பற்றிப் பேசாமல் என்னால் தாண்டிப் போக முடியாது.

லண்டனில் கட்டிய உடலை ஸ்காட்லாந்தின் டண்டீக்கு இழுத்துக்கொண்டு போய், அங்கே கோர்லே பிரதர்ஸ் பட்டறையில் செய்த என்ஜினைப் பொருத்தினார்கள். மூன்று சிலிண்டர் நீராவி என்ஜின். பாய்லரிலிருந்து வரும் நீராவி முதலில் சின்ன சிலிண்டருக்குள் போய் அழுத்தும். அங்கே கொஞ்சம் விரிந்து வலு குறைந்ததும், வெளியே விட்டு வீணாக்காமல், அதைவிடப் பெரிய இரண்டாவது சிலிண்டருக்குப் போகும். அப்புறம் எல்லாவற்றிலும் பெரிய மூன்றாவதற்கு. கடைசியில் கண்டென்சரில் குளிர்ந்து தண்ணீராகி, பம்ப் வழியாகத் திரும்ப பாய்லருக்கே வந்துவிடும். ஒரே நீராவியிடம் மூன்று தடவை வேலை வாங்குவதால் கரிச் செலவு நன்றாகக் குறைந்தது. குறைத்த கரியின் இடத்தில் சரக்கு ஏற்றலாம், அதற்குக் கூலி வரும். ஏ.சி. கர்க் என்ற என்ஜினியர் அபர்டீன் என்ற கப்பலில் 1881-இல் இந்த ஏற்பாடு தூர ஓட்டத்துக்குத் தாங்கும் என்று காட்டினார். பத்தே வருடத்துக்குள் ராபின் மாதிரிக் குட்டிக் கப்பலுக்கும் அது வந்துவிட்டது என்றால், அது எவ்வளவு வேகமாகப் பரவியது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் வேலை பார்த்த டீசல் என்ஜின்கள் மூடிய பெட்டிகள். உள்ளே என்ன நடக்கிறது என்று கடிகார முள்களைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வோம். இந்தப் பழைய நீராவி என்ஜின் அப்படியில்லை. கிராங்க், ராடு, பேரிங் எல்லாம் கண்ணுக்கு முன்னால் திறந்தபடி சுற்றும். எண்ணெய் போடுகிறவர் அது ஓடிக்கொண்டிருக்கும்போதே கையை நீட்டி, பேரிங் சுற்றிக் கீழிருந்து மேலே வரும் அந்த நொடியில் உள்ளங்கையால் தொட்டுப் பார்த்துவிட்டு, அடுத்த சுற்று வருவதற்குள் கையை எடுத்துவிடுவார். சூடு ஏறியிருந்தால் கைக்குத் தெரியும், உடனே எண்ணெய் கூட்டிவிடுவார். தாளம் தப்பினால் கை போய்விடும். கப்பல் ஆடும்போதும் இதையேதான் செய்ய வேண்டும், ராத்திரி விளக்கு மங்கும்போதும் இதையேதான் செய்ய வேண்டும்.

பாய்லர் முன்னால் நிற்கிறவர் பாடு இன்னும் மோசம். கரியை அள்ளி வீசினால் மட்டும் போதாது. தணலின் மேல் மெல்லிசாக, ஒரே சீராக விழ வேண்டும். கதவைத் திறந்து வைக்கும் ஒவ்வொரு நொடியும் குளிர்ந்த காற்று உள்ளே போய் நீராவி இறங்கும். அதனால் திற, வீசு, மூடு. பிறகு நீண்ட கம்பியை உள்ளே விட்டு, உருகிக் கட்டியான சாம்பலைப் பெயர்த்து வெளியே இழுத்து, தண்ணீர் ஊற்றி அணைக்க வேண்டும். ஆவியும் புழுதியும் முகத்தில் அடிக்கும். பிறகு அந்தச் சாம்பலை மேலே ஏற்றிக் கடலில் கொட்ட வேண்டும். பெரிய பயணிகள் கப்பலென்றால் இதற்குப் பெரிய பட்டாளமே இருக்கும். இந்தக் கப்பலில் ஒரு ஷிஃப்டுக்கு விரல் விட்டு எண்ணும் அளவுக்குத்தான் ஆள்.

ராபினாக இருந்த 10 வருடத்தில் அது சுமந்த சரக்குகளின் பட்டியலைப் படித்தாலே அந்தக் காலம் தெரியும். தானியம், இரும்புத் தாது, பழைய இரும்பு, நிலக்கரிச் சுரங்கத்துக்கு முட்டுக்கொடுக்கும் மரக்கட்டைகள், பீங்கான் களிமண், ரயில் தண்டவாள இரும்பு, பீப்பாய்களும் மூட்டைகளும், ஸ்காட்லாந்தின் கலிடோனியன் கால்வாய்க்குக் கருங்கல் பாளங்கள் கூட. ஒரு பயணத்தில் களிமண் இறக்கிவிட்டு அடுத்த பயணத்தில் தானியம் ஏற்ற வேண்டுமென்றால் நடுவில் சரக்கறையைக் கூட்டிக் கழுவித் துடைக்க வேண்டும். அதுவும் இந்தக் கொஞ்சம் பேர் தலையில்தான்.

1900-இல் ஸ்பெயினின் பில்பாவோ துறைமுகத்தைச் சேர்ந்த பிளாங்கோ சகோதரர்கள் இதை வாங்கினார்கள். மரியா என்று பெயர் மாறியது. இது தற்செயல் இல்லை. பெசமர் முறையில் எஃகு செய்யப் பாஸ்பரஸ் குறைந்த தாது வேண்டும். அது பில்பாவோவைச் சுற்றியுள்ள மலைகளில் கிடைத்தது. பிரிட்டனின் உலைகள் அதை வாங்கித் தின்றன, பதிலுக்கு வேல்ஸ் கரி அங்கே போனது. அந்தப் பணத்தில் தலையெடுத்த பில்பாவோ வணிகர்கள், 1900-ஐ ஒட்டிய வருடங்களில் பிரிட்டனின் பழைய நீராவிக் கப்பல்களை வரிசையாக வாங்கினார்கள். பிரிட்டன்காரருக்குப் பழசாகிப்போனது அவர்களுக்குத் தொழிலாகியது.

பிஸ்கே வளைகுடாவைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. குளிர்காலத்தில் அட்லாண்டிக்கின் முழு வீச்சும் நேரே வந்து மோதும் இடம். அங்கே பில்பாவோ, சாண்டாண்டர், அப்புறம் பிரெஞ்சுக் கரையில் பயோன், போர்தோ என்று போய் வந்தது மரியா. முதல் உலகப் போரில் ஸ்பெயின் நடுநிலை நாடு. ஆனால் ஜெர்மன் நீர்மூழ்கிகள் நடுநிலை நாட்டுக் கப்பல்களையும் மூழ்கடித்தன. அந்த வருடங்களில் மரியா பிரெஞ்சு அரசாங்கத்துக்காக சாண்டாண்டரிலிருந்து இரும்புப் பாளங்களை ஏற்றிப் பயோனுக்கும் போர்தோவுக்கும் போனது. துணைக்கு இரண்டு நாசகாரிக் கப்பல்கள் வந்தன. 143 அடி நீளமுள்ள ஒரு சரக்குக் கப்பலுக்கு இரண்டு போர்க்கப்பல் காவல் என்றால், அது ஏற்றிப்போன இரும்பு எவ்வளவு தேவைப்பட்டிருக்கும்! இரும்பு ஏற்றிய கப்பலில் டார்பிடோ பட்டால் நிமிடக் கணக்கில் அடியில் போய்விடும். பாய்லர் அறையில் இருப்பவருக்கு ஏணி ஏறக்கூட நேரம் கிடைக்காது. அது தெரிந்தும் இறங்கிக் கரி போட்டவர்கள் அவர்கள்.

1935-இல் சாண்டாண்டர் நிறுவனம் ஒன்றின் கைக்குப் போனது. மறுவருடமே உள்நாட்டுப் போர். 1937 ஜூனில் பில்பாவோவும், ஆகஸ்டில் சாண்டாண்டரும், அக்டோபரில் கிகோனும் ஜெனரல் பிராங்கோவின் கலகப் படையிடம் விழுந்தன. மரியா பிழைப்பு நடத்திய கரை முழுவதும் ஒரே வருடத்தில் கைமாறியது. 1941 பிப்ரவரியில் புயல்காற்றோடு வந்த தீயில் சாண்டாண்டரின் பழைய நகரம் எரிந்து போனது. அதற்குப் பிறகு வந்தது பஞ்ச காலம். வெளிநாட்டுப் பணம் இல்லை, புதுக் கப்பல் வாங்க வழியில்லை. இருப்பதை ஓட்ட வேண்டும்.

நான் முன்னால் கேட்ட கேள்விக்குப் பதில் இங்கேதான் இருக்கிறது. பிரிட்டனிலேயே இருந்திருந்தால் ராபின் என்றைக்கோ உடைபட்டிருக்கும். அதன் வயதுள்ள கப்பல்கள் எல்லாவற்றுக்கும் அதுதான் நடந்தது. மரியா தப்பியதற்குக் காரணம் அருங்காட்சியகமோ சட்டமோ இல்லை. மாற்று வாங்க வசதியில்லாத ஒரு நாட்டில், கையில் இருப்பதைப் பழுது பார்த்துப் பழுது பார்த்து ஓட்டத் தெரிந்த மனிதர்கள் இருந்தார்கள். தேய்ந்த பேரிங்கில் வெள்ளை உலோகத்தை உருக்கி வார்த்தார்கள். ஓட்டையான பாய்லர் குழாயை அடைத்தார்கள். துரு தட்டினார்கள், சிவப்பு ஈயம் பூசினார்கள். அடுத்த வருடமும் அதையே செய்தார்கள். 1890-இல் டண்டீயில் செய்த என்ஜின் 1974-இலும் ஓடியது என்றால் அது கோர்லே பட்டறையின் பெருமை மட்டுமா? எந்த என்ஜினும் தானாக 84 வருடம் ஓடாது. என் அனுபவத்தில் சொல்கிறேன், கவனிக்காமல் விட்டால் எட்டு வருடம் கூட ஓடாது.

1960-களின் நடுவில் மரியாவில் பெரிய மாற்றங்கள் செய்தார்கள். கரிக்குப் பதிலாக எண்ணெய் எரியும்படி பாய்லரை மாற்றினார்கள். புகைபோக்கியைக் குட்டையாக்கினார்கள். பின் பாய்மரத்தை எடுத்துவிட்டார்கள். 1974-இல் அடிமாட்டு விலைக்கு உடைக்கப் போகவிருந்த நேரத்தில் பழைய கப்பல்களைக் காக்கும் பிரிட்டனின் மேரிடைம் டிரஸ்ட் வாங்கிக் காப்பாற்றியது. அப்போதும் கப்பல் லாரியிலோ இழுவைப் படகிலோ வரவில்லை. தன் சொந்த நீராவியில், பிஸ்கே வளைகுடாவைக் கடந்து லண்டன் வந்தது. பிறகு ராசெஸ்டர் கப்பல்தளத்தில் வைத்து, ஸ்பெயினில் செய்த மாற்றங்களை நீக்கி, 1890-இல் இருந்த தோற்றத்துக்குத் திருப்பினார்கள்.

அந்த வேலையை நான் குறை சொல்ல வரவில்லை. அது நடந்திராவிட்டால் இன்று பேசுவதற்குக் கப்பலே இருக்காது. ஆனால் ஒன்றைச் சொல்ல வேண்டும். அந்த எண்ணெய் பர்னரும் குட்டைப் புகைபோக்கியும் கப்பலில் படிந்த அழுக்கு இல்லை. கரி போட ஆள் கிடைக்காத காலத்தில் அந்த மாற்றம்தான் கப்பலை மேலும் சில வருடம் பிழைக்க வைத்தது. அந்தச் சில வருடம் இல்லாவிட்டால் 1974-இல் வாங்குவதற்கு எதுவும் மிஞ்சியிருக்காது. முதல் தோற்றம்தான் உண்மையான தோற்றம், நடுவில் வந்ததெல்லாம் இடைச்செருகல் என்ற எண்ணம் பழைய பொருள்களைக் காப்பவர்களிடம் எளிதாக வந்துவிடுகிறது. உழைக்கும் கப்பல் விஷயத்தில் அது நியாயமில்லை.

நதிக்கு அந்தப் பக்கம் கிரீனிச்சில் கட்டி சார்க் என்ற பழைய பாய்மரக் கப்பல் நிற்கிறது. அதுவும் 1895-இலிருந்து 1922 வரை போர்ச்சுகல்காரர்களிடம் ஃபெரைரா என்ற பெயரில் ஓடிய கப்பல்தான். தேயிலைப் பந்தயம், கம்பளி ஓட்டம் என்று பள்ளிப் பிள்ளைகளுக்குக்கூடத் தெரியும். ஃபெரைரா என்று எங்கள் தெருவில் கேட்டுப் பாருங்கள், ஒருவருக்கும் தெரியாது. அங்கே அது 27 வருடம். இங்கே 74. வாழ்நாளில் பெரும்பாதி.

உங்கள் சிரமம் எனக்குப் புரியாமல் இல்லை. ஒரு பவுண்டுக்குக் கைமாறிய கப்பல் இது. வாங்கிய விலை ஒரு பவுண்டு, காப்பாற்றும் செலவு லட்சக்கணக்கில் என்பதைக் கப்பல்காரன் எவனும் கேட்டு ஆச்சரியப்பட மாட்டான். இங்கிலாந்தின் கிழக்குக் கரையில் லோஸ்டாஃப்ட் துறைமுகத்தில் மேடை ஏற்றிப் பார்த்தபோது அடித்தகடுகள் எவ்வளவு அரித்திருந்தன என்பது தெரிந்தது. அவற்றைப் பிடுங்கிப் புதுத் தகடு அடித்து மிதக்க விடுவதா, அல்லது பழைய தகடுகளை அப்படியே வைத்துக்கொண்டு கப்பலை ஒரு மிதவை மேடை மேல் தூக்கி உட்கார வைப்பதா என்ற கேள்வியில் நீங்கள் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தீர்கள். கப்பல் தானாக மிதக்கவில்லையே என்று வருத்தப்பட்டவர்கள் உண்டு. நான் உங்கள் பக்கம். அந்தத் தகடுகளில் போ கிரீக் தொழிலாளி அடித்த ரிவெட்டும் இருக்கிறது, சாண்டாண்டர் தொழிலாளி தட்டிய சுத்தியல் தடமும் இருக்கிறது. இரும்பின் விஷயத்தில் இவ்வளவு நேர்மையாக இருந்த நீங்கள், மனிதர்கள் விஷயத்திலும் அப்படியே இருக்க வேண்டும் என்றுதான் கேட்கிறேன்.

பின்புறம் ராபின், லண்டன் என்று எழுதும்போது மரியா, பில்பாவோ, சாண்டாண்டர் என்றும் ஒரு பலகை வையுங்கள். சின்ன அறிவிப்பாக எங்கோ ஒரு மூலையில் வேண்டாம். 1890 தோற்றத்துக்கு ஒரு படம் இருந்தால், 1966-க்குப் பிறகு குட்டைப் புகைபோக்கியோடு இருந்த தோற்றத்துக்கும் அதே அளவில் ஒரு படம். ராசெஸ்டரில் கழற்றிய பொருள் ஏதாவது எங்காவது கிடந்தால் அதைக் கப்பலுக்கே கொண்டுவாருங்கள். என்ஜினை நீராவியில் ஓட்டும் காலம் முடிந்திருக்கலாம். ஆனால் ஒரு சின்ன மோட்டார் வைத்து மெதுவாகச் சுற்றவிட முடியுமென்றால், சுற்றவிடுங்கள். அந்த கிராங்க் கீழே போய் மேலே வருவதைப் பார்த்தால்தான் எண்ணெய் போட்டவரின் கை எங்கே போனது என்று ஒரு பிள்ளைக்குப் புரியும். பலகையில் எத்தனை வரி எழுதினாலும் அது புரியாது.

இதையெல்லாம்விட அவசரமானது ஒன்று உண்டு. 1974-இல் மரியாவில் 18 வயதில் வேலைக்கு இருந்த ஒரு பையனுக்கு இப்போது 70 வயது இருக்கும். 30 வயதில் இருந்தவர் 80-ஐத் தாண்டியிருப்பார். அந்தக் கப்பலை நிஜமாகவே ஓட்டத் தெரிந்த கடைசித் தலைமுறை அவர்கள்தான். பாய்லரின் எந்தப் பக்கம் அடிக்கடி ஒழுகியது, என்ஜினைக் குளிரில் கிளப்ப என்ன தந்திரம் செய்தார்கள், அலையில் அது எந்தப் பக்கம் சாய்ந்து உருண்டது, சமையல் அறையில் என்ன வெந்தது, எல்லாம் அவர்களுக்குத் தெரியும். வரைபடத்தில் இது எதுவும் இருக்காது. அவர்களின் குரலைப் பதிவு செய்யுங்கள். பில்பாவோவில் ஆற்றங்கரையிலேயே ஒரு கடல் அருங்காட்சியகம் இருக்கிறது. சாண்டாண்டரில் கான்டாப்ரியக் கடல் அருங்காட்சியகம் இருக்கிறது. இரண்டுக்கும் எழுதினால், உள்ளூர் பத்திரிகையில் ஒரு அறிவிப்புப் போட்டால், மரியாவில் வேலை பார்த்தவரோ, அவர் மகளோ பேரனோ தானாக வருவார்கள். துறைமுக ஊர்களில் கப்பல் பெயரை யாரும் மறப்பதில்லை.

ராபின் காலத்து ஆட்களையும் விட வேண்டாம். பிரிட்டிஷ் கப்பலில் வேலைக்குச் சேர்ந்த ஒவ்வொருவரின் பெயர், வயது, பிறந்த ஊர், சம்பளம் எல்லாம் அந்தக் காலத்தில் ஒப்பந்தத் தாளில் ஏறியது. 1863-க்குப் பிந்திய அந்தத் தாள்களில் பெரும்பகுதி கனடாவில், நியூஃபவுண்ட்லாந்தின் மெமோரியல் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. கட்டியவர், வாங்கியவர், விற்றவர் பெயர் எல்லாம் கப்பல் வரலாற்றில் வந்துவிடுகிறது. பாய்லர் முன்னால் நின்றவர் பெயரும் பலகையில் வரட்டும். லண்டன்காரர் பெயரும் வரட்டும், பில்பாவோ பக்கத்துப் பாஸ்க் நாட்டுக்காரர் பெயரும் வரட்டும்.

ஆள் பற்றாக்குறை என்று சொல்வீர்கள். அறக்கட்டளைகளின் நிலைமை தெரியும். ஸ்பானிய மொழி பேசுகிறவர்கள் நியூஹாமில் தாராளமாக இருக்கிறார்கள், கடிதங்களை மொழிபெயர்த்துத் தர என்னால் ஆள் பிடித்துத் தர முடியும். கப்பலில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற தமிழர்களும் வங்காளிகளும் இந்த வட்டாரத்தில் உண்டு. துரு தட்டவும் வண்ணம் பூசவும் வருவோம், என்ஜினுக்கு எண்ணெய் போடவும் வருவோம். எந்த நாளில் வர வேண்டும் என்று மட்டும் சொல்லுங்கள். ஆனால் பில்பாவோவுக்கும் சாண்டாண்டருக்கும் போக வேண்டிய அந்த முதல் கடிதத்தை உங்கள் தலைப்புத் தாளில் நீங்கள்தான் எழுத வேண்டும். இந்த வருடமே எழுதுங்கள்.

இப்படிக்கு,
கப்பல் என்ஜின் ரூமில் உழைத்த ஈஸ்ட் ஹாம் தமிழன்